மலைச் சிற்றூர்களில் ஒரு நாள்

பாலித் தீவின் நெல் வயல்களையும், அங்கு உழவர் கூடி நீரைப் பங்கிடும் 'சுபாக்' முறையையும் காணப் பல நாட்டாரும் செல்கின்றனர். நம் நீலகிரியிலும் காண்பதற்குரியவை உண்டு. காலையில் உதகையை அடுத்த முத்தநாடு மந்தில், மூங்கில், பிரம்பு, புல் கொண்டு அமைத்த தோடர் மரபு இல்லத்தைக் காணலாம். பிற்பகலில் கேத்திப் பள்ளத்தாக்கில், மழைநீர் மண்ணை அரித்துச் செல்லாவண்ணம் சரிவைப் படிகளாக வெட்டி உருளைக்கிழங்கும் காரட்டும் பயிரிடும் திறத்தை அறியலாம்.

எனினும், வெறும் வேடிக்கையால் ஊருக்குப் பயனில்லை. நாம் வலியுறுத்துவன இவை: தோடர் கோயிலுக்குள் அயலார் நுழைதல் கூடாது, இசைவின்றிப் படம் எடுத்தலும் ஆகாது. வழிகாட்டியாக உள்ளூராரையே அமர்த்துதல் வேண்டும். 2013-இல் புவிசார் குறியீடு பெற்ற தோடர் பூந்தையலை, தைத்த பெண்களிடமே வாங்குதல் நன்று. மலை ஊராட்சிகள் கிராம சபையில் இத்தகைய விதிகளை வகுத்து, ஊர் எல்லையில் எழுதி வைக்குமாயின், ஊரின் மதிப்பும் குறையாது. வருவாயும் ஊரிலேயே தங்கும்.