கேமரா தொடாத சினிமா

சினிமாவுக்குக் கேமராகூடக் கட்டாயம் இல்லை. அமெரிக்காவின் ஸ்டான் பிராக்கேஜ் 1963இல் உருவாக்கிய 'மோத்லைட்' அதற்குச் சாட்சி. சில நிமிடங்களே ஓடும் மௌனப் படம் அது.

கையில் காசில்லாத நேரம். விளக்கில் விழுந்து செத்த விட்டில்களின் சிறகு, புல், இலை, பூவிதழ் என்று கிடைத்ததையெல்லாம் பிராக்கேஜ் சேகரித்தார். பிலிம் துண்டுகளை ஒட்டப் பயன்படும் 16 மில்லிமீட்டர் டேப் இரண்டுக்கு நடுவே அவற்றை வைத்து அழுத்தினார். அந்தச் சுருளிலிருந்து பிரின்ட் போட்டதும் படம் தயார்.

செத்த சிறகு திரையில் எப்படிப் பறக்கிறது? 16 மில்லிமீட்டர் பிலிமில் ஒரு பிரேமின் உயரம் சுமார் 7.5 மில்லிமீட்டர்தான். புல்லின் நீளம் பல பிரேம்களைத் தாண்டும். புரொஜெக்டருக்கு அந்தக் கணக்கெல்லாம் தெரியாது; நொடிக்கு 24 என்று வெட்டி வெட்டிக் காட்டிக்கொண்டே போகும். ஒரு பிரேமில் சிறகின் நரம்பு, அடுத்ததில் அதன் ஓரம், அதற்கடுத்ததில் வெறும் வெளிச்சம். நம் கண் அவற்றைச் சேர்த்துப் பார்க்கும்போது சிறகு படபடக்கிறது. இதைவிட எளிமையாக சினிமாவின் அடிப்படையை யாரும் காட்டியதாக எனக்குத் தெரியவில்லை.

பிலிமில் நேரடியாகக் கைவைக்கும் வழக்கம் பிராக்கேஜுக்கு முன்பே உண்டு. நியூசிலாந்தில் பிறந்த லென் லை, பிரிட்டிஷ் தபால் துறைக்காக 1935இல் பிலிம்மீதே வண்ணம் தீட்டி 'எ கலர் பாக்ஸ்' செய்தார். கனடாவில் பணியாற்றிய நார்மன் மெக்லாரன் கருப்பு பிலிமை ஊசியாலும் பிளேடாலும் கீறி உருவாக்கிய 'பிளிங்கிட்டி பிளாங்க்', 1955இல் கான் விழாவில் குறும்படத்துக்கான தங்கப்பனை விருதை வென்றது. ஒலியையும் அவர் விட்டுவைக்கவில்லை. பிலிமின் ஓரத்தில் ஒலிக்கென ஒரு பட்டை உண்டு. அதில் நெருக்கமாகக் கோடு போட்டால் சுருதி ஏறும், இடைவெளி விட்டால் இறங்கும். வாத்தியம் இல்லாமலே இசை வந்துவிடும்.

மெக்லாரனின் படங்கள் பலவற்றைக் கனடா தேசியத் திரைப்பட வாரியத்தின் இணையதளத்தில் இலவசமாகப் பார்க்கலாம். கைபேசியில் வேண்டாம், அறையை இருட்டாக்கிக்கொண்டு, முடிந்தவரை பெரிய திரையில் பாருங்கள். கதை தேடாதீர்கள். ஒளி வேகமாக மின்னும் படங்கள் இவை என்பதால் வலிப்பு நோய் உள்ளவர்கள் தவிர்ப்பது நல்லது.