பில் போடும் கணனியில் "டி.எல்.எல். கோப்பைக் காணவில்லை" என்று வந்தால்...

சில வருடங்களுக்கு முன்னர், பெருநாளைக்கு நான்கு நாட்கள் இருக்கையில், எனக்குத் தெரிந்த புடவைக் கடை முதலாளி ஒருவர் இரவு பத்து மணிக்குத் தொலைபேசி எடுத்தார். பில் போடும் மென்பொருள் திறக்கவில்லை, "எம்.எஸ்.வி.சி.ஆர். 100 டொட் டி.எல்.எல்." என்ற கோப்பைக் காணவில்லை என்று ஆங்கிலத்தில் ஏதோ வந்து நிற்கிறது என்றார். நான் மறுநாள் மாலை போய்ச் சேர்வதற்குள் காரியம் முடிந்துவிட்டது. கடையிலிருந்த தம்பி ஒருவர் இணையத்தில் தேடி, ஏதோ ஒரு தளத்திலிருந்து அந்தக் கோப்பை இலவசமாக இறக்கிப் போட்டிருக்கிறார். மென்பொருள் திறக்கவில்லை, விளம்பரங்கள்தான் ஒன்றன்பின் ஒன்றாகத் திறந்தன. அதன் பிறகு வந்த திருத்துநர் கணனியை முழுமையாக போமட் செய்தார். கணனி புதியது போல ஓடியது. ஆனால் மூன்று மாதக் கடன் கணக்கு அதற்குள் இருக்கவில்லை. யார் யார் எவ்வளவு தரவேண்டும் என்பதை முதலாளியின் ஞாபகத்தையும் வாடிக்கையாளர்களின் நேர்மையையும் நம்பித் திரும்ப எழுதினார்கள்.

காணாமல் போன அந்தக் கோப்பு, மைக்ரோசொப்ட் நிறுவனம் இலவசமாகவே தரும் ஒரு சிறிய பொதிக்குள் இருக்கிறது. அதை நிறுவுவதற்குப் பத்து நிமிடம் போதும்.

டி.எல்.எல். என்பது என்ன? எமது ஊர்களில் கல்யாணச் சாப்பாட்டுக்குப் பெரிய கிடாரங்களை ஒவ்வொரு வீட்டாரும் விலைகொடுத்து வாங்குவதில்லை. ஊருக்குப் பொதுவாக ஓரிடத்தில் இருக்கும், தேவைப்பட்டவர் எடுத்துச் சமைப்பார். கணனியிலும் அப்படித்தான். அச்சிடுதல், திகதியைக் காட்டுதல், கணக்குக் கூட்டுதல் போன்ற வேலைகளுக்கான கட்டளைகளை ஒவ்வொரு மென்பொருளும் தனித்தனியே சுமந்து திரியாமல், பொதுவான கோப்புகளில் எழுதிவைத்து எல்லோரும் எடுத்துப் பாவிக்கும் ஏற்பாடு இது. 1985இல் வெளிவந்த முதலாவது விண்டோஸ் பதிப்பிலிருந்தே இது இருந்து வருகின்றது. அக்காலத்தில் கணனியின் நினைவகம் மிகச் சிறியது, ஒரே கட்டளையைப் பத்து இடத்தில் வைக்க இடமிருக்கவில்லை.

பொதுப் பாத்திரத்தில் உள்ள சிக்கலும் இதில் உண்டு. ஒருவர் கிடாரத்தைத் திருப்பித் தராவிட்டால் அடுத்த வீட்டுக் கல்யாணம் நின்றுவிடும். இன்னொருவர் அதற்குப் பதிலாக வேறு அளவில் ஒன்றை வைத்துவிட்டுப் போனால் பழைய மூடி பொருந்தாது. 1990களில் புதிய மென்பொருள் ஒன்றை நிறுவும்போது அது பொதுக் கோப்பின் மேல் தன்னுடைய பதிப்பை எழுதிவிட, அதுவரை நன்றாக ஓடிய வேறொரு மென்பொருள் படுத்துவிடும். கணனித் துறையினர் இதற்கு "டி.எல்.எல். நரகம்" என்றே பெயர் வைத்தார்கள். விண்டோஸ் 2000இலும் அதற்கடுத்த எக்ஸ்.பி. பதிப்பிலும் இதற்குப் பாதுகாப்புகள் செய்யப்பட்டதால் அந்தத் தொல்லை பெருமளவு குறைந்தது. கோப்பு காணாமல் போகும் தொல்லை மட்டும் இன்னும் போகவில்லை.

அதற்குக் காரணங்கள் சில உண்டு. மென்பொருள் விற்றவர் முறைப்படி நிறுவாமல் ஒரு பென்டிரைவிலிருந்து பிரதிசெய்து வைத்துவிட்டுப் போயிருக்கலாம். வேறொரு மென்பொருளை நீக்கும்போது பொதுக் கோப்பும் சேர்ந்து போயிருக்கலாம். மின்சாரம் திடீரென நின்றோ, வன்தட்டு பழுதடைந்தோ கோப்பு சிதைந்திருக்கலாம். எமது கடைகளில் நான் அதிகம் கண்ட காரணம் இன்னொன்று. பூட்டு உடைக்கப்பட்ட திருட்டுப் பிரதிகளில் டி.எல்.எல். கோப்பைத்தான் பெரும்பாலும் மாற்றியிருப்பார்கள். வைரஸ் தடுப்பு மென்பொருள் அதைக் கண்டதும் பிடித்து ஒதுக்கிவிடும். முதலாளி வைரஸ் தடுப்பைத் திட்டுவார், ஆனால் அது செய்தது தன் வேலையை.

இனி, செய்தி திரையில் வந்தால் என்ன செய்வது? முதலில் கைத்தொலைபேசியில் அதைப் படம் எடுத்துக்கொள்ளுங்கள். கோப்பின் பெயரில் ஓர் எழுத்து மாறினாலும் அது வேறு கோப்பு. அடுத்து, உங்கள் கணக்குத் தரவுகள் எங்கே சேமிக்கப்பட்டுள்ளன என்பதைக் கண்டறிந்து, அந்தக் கோப்புறையை அப்படியே வெளி வன்தட்டு ஒன்றில் பிரதி எடுங்கள். மென்பொருள் திறக்காவிட்டாலும் தரவுகள் பெரும்பாலும் பத்திரமாகவே இருக்கும். இந்தப் பிரதி எடுக்கும் வரை எவரையும் கணனியில் கைவைக்க விடவேண்டாம்.

பிறகு கணனியை ஒருமுறை நிறுத்தி இயக்கிப் பாருங்கள். ரீசைக்கிள் பின்னிலும், வைரஸ் தடுப்பு மென்பொருள் ஒதுக்கிவைத்த பட்டியலிலும் அக்கோப்பு இருக்கின்றதா என்று தேடுங்கள். ஒதுக்கிய கோப்பை உடனே மீட்டுவிட வேண்டாம். அது தம்முடைய கோப்புத்தானா என மென்பொருள் விற்றவரிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

கோப்பின் பெயரே பாதி விடையைச் சொல்லிவிடும். எம்.எஸ்.வி.சி.ஆர்., எம்.எஸ்.வி.சி.பி., வி.சி.ரன்டைம் என்று தொடங்கினால், அது மைக்ரோசொப்ட்டின் விஷுவல் சி பிளஸ் பிளஸ் துணைப் பொதியைச் சேர்ந்தது. பின்னால் வரும் 100 என்பது 2010ஆம் ஆண்டுப் பதிப்பையும், 110 என்பது 2012ஐயும், 120 என்பது 2013ஐயும் குறிக்கும். 140 என்றால் 2015 முதல் 2022 வரையான பதிப்புகளுக்குப் பொதுவான ஒரே பொதி. மைக்ரோசொப்ட்டின் சொந்தத் தளத்திலிருந்து மாத்திரம் அதை இறக்குங்கள். உங்கள் விண்டோஸ் 64 பிட் ஆக இருந்தாலும் பழைய பில் மென்பொருள்கள் பல 32 பிட் ஆனவை. ஆகவே இரண்டு வகைப் பொதிகளையும் நிறுவிவிடுவது நல்லது, ஒன்றுக்கொன்று இடைஞ்சல் இல்லை.

பெயர் அப்படித் தொடங்காமல், அந்த ஒரு மென்பொருள் மட்டும் திறக்காவிட்டால், அதன் மூலப் பிரதியிலிருந்து மீண்டும் நிறுவுவதே வழி. பல மென்பொருள்கள் ஒரேயடியாகப் படுத்தால் குறை விண்டோஸிலேயே இருக்கக்கூடும். கொமாண்ட் ப்ரொம்ப்ட்டை நிர்வாகி உரிமையுடன் திறந்து, எஸ், எப், சி என்ற மூன்று எழுத்துகளைத் தட்டி, ஓர் இடைவெளி விட்டு, சாய்கோடு போட்டு, ஸ்கேன்நவ் என்று சேர்த்து எழுதி என்டர் அழுத்தினால், விண்டோஸ் தன் கோப்புகளைத் தானே சோதித்து, இயன்றவற்றைத் திருத்திக்கொள்ளும்.

தனி டி.எல்.எல். கோப்புகளை அள்ளிக் கொடுக்கும் தளங்களிடம் மட்டும் போகவேண்டாம். அங்கே கிடைப்பது எந்தப் பதிப்பு, யார் அதில் கைவைத்தார்கள் என்பது உங்களுக்குத் தெரியாது. சரியான கோப்பே கிடைத்தாலும், அதை எங்கே போடுவது என்பதில் பலர் தவறிவிடுகிறார்கள். 64 பிட் விண்டோஸில் "சிஸ்டம் 32" என்ற கோப்புறையில் இருப்பவை 64 பிட் கோப்புகள், 32 பிட் கோப்புகளோ "சிஸ்வாவ் 64" என்ற கோப்புறையில் இருக்கின்றன! பெயர் வைத்தவர்களின் நோக்கம் எதுவானாலும், கடைக்காரரைக் குழப்ப இதைவிட வேறு வழி தேவையில்லை.

திருத்துநர் வந்ததும் "போமட் பண்ண வேண்டும்" என்றால் இரண்டு கேள்விகள் கேளுங்கள். எந்தக் கோப்பு இல்லை? துணைப் பொதியை நிறுவிப் பார்த்தீர்களா? இரண்டுக்கும் பதில் இல்லையென்றால் வேறொருவரைக் கூப்பிடலாம். புதிதாகப் பில் மென்பொருள் வாங்குபவர்கள், நிறுவும் பிரதியையும் துணைப் பொதிகளையும் ஒரு பென்டிரைவில் கேட்டு வாங்கி, தரவுக் கோப்புறை இருக்கும் இடத்தை ஒரு துண்டில் எழுதி அதனுடன் சேர்த்துக் கல்லாப் பெட்டியில் வையுங்கள். மேலே சொன்ன புடவைக் கடையில் இப்போது அப்படித்தான் இருக்கிறது. பக்கத்தில் கையால் எழுதும் கடன் கொப்பி ஒன்றும் இருக்கிறது, அதை முதலாளி இன்னும் விடவில்லை.