உங்களுக்குத் தெரியுமா? – செங்கல் விலைக்குள் என்னென்ன இருக்கிறது

பாகான் டாலாமில் சமையற்கட்டைப் பின்பக்கம் நீட்டிக் கட்ட நினைப்பவர் முதலில் கேட்பது, "கல்லு என்ன விலை?" என்றுதான். காசுக் கணக்கில் பதில் வந்ததும் பேச்சு சிமெண்டுக்கும் கம்பிக்கும் தாவிவிடும். செங்கல்லை அவ்வளவு சீக்கிரம் விட்டுவிடக் கூடாது.

விலை ஏறாமலே செலவு ஏறும்
முழு அளவுச் செங்கல் 215 மி.மீ. நீளம், 65 மி.மீ. உயரம், 102.5 மி.மீ. அகலம். இடையில் 10 மி.மீ. கலவை வைத்து ஒரு கல் அகலச் சுவர் எழுப்பினால் சதுர மீட்டருக்கு ஏறக்குறைய 59 கல் பிடிக்கும். உடைசலையும் சேர்த்து 60 என்றே கொத்தனார்கள் கணக்குப் போடுவார்கள். அதே கல் 200 மி.மீ. நீளமும் 60 மி.மீ. உயரமுமாகச் சுருங்கி வந்தால் 68 கல் வேண்டும். ஒரு கல்லின் விலையில் ஒரு காசும் கூடவில்லை. சுவரின் கல் செலவு மட்டும் 15 விழுக்காடு கூடிவிட்டது. கலவையும் அதிகம், கூலியும் அதிகம். அதனால் விலை கேட்கும்போதே அளவு நாடாவைக் கல்லின் மேல் வையுங்கள். ஆயிரம் கல் என்ன விலை என்பதைவிட ஒரு சதுர மீட்டர் சுவருக்கு என்ன ஆகும் என்று கேட்பதே சரியான கேள்வி.

வரி போட்டால் கல் பெருக்கும்
இங்கிலாந்தில் இதற்கு நேர்மாறாக நடந்தது. பிரான்சிஸ் லைட் பினாங்கில் கால் வைப்பதற்கு இரண்டு ஆண்டுகள் முன்பு, 1784இல், அங்கே ஆயிரம் செங்கல்லுக்கு இவ்வளவு என்று வரி விதித்தார்கள். எண்ணிக்கைக்குத்தானே வரி? சூளைக்காரர்கள் கல்லைப் பெரிதாக அறுக்க ஆரம்பித்தார்கள். அரசு விடவில்லை, பெரிய கல்லுக்கு இரட்டை வரி போட்டது. 1850இல்தான் அந்த வரி ஒழிந்தது.

மண்ணுக்கா விலை?
மண்ணின் பங்கு குறைவு. நெருப்புக்கும் கைக்கும் சாலைக்கும்தான் நாம் பணம் கொடுக்கிறோம். கல் நன்றாக வேக ஏறக்குறைய 900 முதல் 1,100 பாகை செல்சியஸ் வெப்பம் வேண்டும். விறகோ எரிவாயுவோ, எரிபொருள் விலை நகர்ந்தால் கல் விலையும் நகரும். ஆண்டு முழுவதும் மழை பெய்யும் நம் நாட்டில் பச்சைக் கல்லை வெறும் வெயிலை நம்பிக் காயவைக்க முடியாது; கூரையும் வேண்டும், சில இடங்களில் சூளையின் மிச்சச் சூடும் வேண்டும்.

அடுத்தது சாலை. ஒரு கல் இரண்டரை, மூன்று கிலோ. ஆயிரம் கல் என்றால் மூன்று டன் வரை. இவ்வளவு கனமான, இவ்வளவு மலிவான சரக்கை நெடுந்தூரம் கொண்டுபோனால் கட்டுப்படியாகாது. 2024 ஜூன் 10ஆம் தேதி தீபகற்ப மலேசியாவில் டீசல் லிட்டருக்கு 2 ரிங்கிட் 15 காசிலிருந்து 3 ரிங்கிட் 35 காசாக ஏறியது. அப்படி டீசல் ஏறும்போதெல்லாம் லோரி வாடகை வழியாகக் கல் விலைக்கும் அழுத்தம் வருகிறது. கைக்கான செலவும் நகர்ந்தது: குறைந்தபட்சச் சம்பளம் 2022இல் 1,500 ரிங்கிட், 2025 பிப்ரவரியில் 1,700 ரிங்கிட். சூளை வெக்கையில் நின்று கல் அடுக்குகிறவருக்குக் கிடைக்கும் அந்த உயர்வை நான் விலையேற்றம் என்று குறை சொல்ல மாட்டேன். இத்தனை காலம் அந்த விலை குறைவாக இருந்ததே அவர் தோளில்தான்.

பாகான் எம்.பி. காலத்தில்
செங்கல் விலைக்குள் வரியும் இருந்தது: 2015 ஏப்ரல் முதல் பொருள் சேவை வரி 6 விழுக்காடு. 2018 ஜூனில் அது சுழியமானது. செப்டம்பரில் விற்பனை சேவை வரி திரும்பி வந்தபோது செங்கல், சிமெண்டு, மணல் போன்ற அடிப்படைக் கட்டுமானப் பொருள்களுக்கு விற்பனை வரியிலிருந்து விலக்கு கிடைத்தது. அப்போது நிதியமைச்சர் லிம் குவான் எங். பாகான் டாலாம் அடங்கிய பாகான் தொகுதியின் நாடாளுமன்ற உறுப்பினரும் அவரே.

கோட்டை கட்டிய கைகள்
கடலுக்கு அந்தப் பக்கம் ஜார்ஜ் டவுனில் நிற்கும் கார்ன்வாலிஸ் கோட்டை முதலில் நிபோங் மரக்கழிகளால் ஆன வேலிதான். 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அதைக் கல்லாலும் செங்கல்லாலும் எழுப்பியவர்கள் இந்தியாவிலிருந்து கப்பலில் கொண்டுவரப்பட்ட கைதிகள். சிங்கப்பூரில் சிராங்கூன் சாலையருகே இருந்த அரசுச் சூளையிலும் இந்தியக் கைதிகளே செங்கல் அறுத்தார்கள். அவர்கள் சுட்ட கல் 1867இல் ஆக்ரா கண்காட்சியில் வெள்ளிப் பதக்கம் வாங்கியது. பதக்கம் வாங்கும் தரம் இருந்தது, கூலி பேசும் உரிமை இல்லை. ஜார்ஜ் டவுனின் பழஞ்சுவர்களைப் பாரம்பரியம் என்று கொண்டாடும்போது அந்தக் கைகளையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். கோட்டையின் அறிவிப்புப் பலகையை நின்று படிக்கும் தமிழ்ப் பிள்ளைகளுக்கு இது கட்டாயம் தெரிய வேண்டும்.

இன்னும் பழைய கல்
வடக்கே கெடாவின் பூஜாங் பள்ளத்தாக்கில், நம் கடாரத்தில், சுட்ட செங்கல்லால் ஆன சண்டிகள் எனும் பழங்கோயில்கள் பல நூற்றாண்டுகளாகக் கிடந்தன. அவற்றில் சண்டி 11 வீடமைப்பு வேலைக்காக இடித்துத் தள்ளப்பட்டது 2013இல் வெளியே தெரிந்தது. எந்தச் சூளையாலும் திருப்பித் தர முடியாத கல் அது.

போட்டிக்கு வந்தவை
சிமெண்டு கல் சுடாத கல். எரிபொருள் செலவு இல்லாததால் பெரும்பாலும் மலிவு. பூச்சுக்குள் மறையப் போகும் உள்சுவருக்கு அது போதும். 2008 முதல் அரசாங்கக் கட்டடங்களுக்கு ஆயத்தப் பாகங்களை இணைத்துக் கட்டும் முறை வலியுறுத்தப்படுகிறது. அடுக்குமாடிகளில் அச்சுப் பலகை வைத்துக் காங்கிரீட்டாகவே சுவர் ஊற்றுகிறார்கள். செங்கல்லின் சந்தை இப்படித்தான் சுருங்குகிறது. எந்தப் பொருள் எப்படி நகர்கிறது என்பதைப் புள்ளியியல் துறை கட்டுமானப் பொருள் விலைக் குறியீட்டில் வெளியிடுகிறது. குத்தகையாளர் "எல்லாம் ஏறிப்போச்சுங்க" என்றால் அதை ஒருமுறை பார்த்துவிட்டுப் பேசலாம்.

லோரி வந்து நின்றதும்
இரண்டு கல்லை எடுத்து ஒன்றோடொன்று தட்டுங்கள். கணீரென்று கேட்க வேண்டும். மொத்தென்று கேட்டால் வேகாத கல். நகத்தால் கீறினால் தடம் விழக் கூடாது. ஒன்றை உடைத்துப் பார்த்தால் உள்ளேயும் ஒரே நிறமாக இருக்க வேண்டும். நேரம் இருந்தால் உலர்ந்த கல்லை எடைபோட்டு, 24 மணி நேரம் தண்ணீரில் ஊறவைத்து மறுபடி எடைபோடுங்கள். சாதாரணக் கல்லுக்கு இந்தியத் தரநிலை 20 விழுக்காடு வரை எடை கூடுவதை அனுமதிக்கிறது. மூன்று கிலோ கல் 600 கிராமுக்கு மேல் தண்ணீர் குடித்தால் இறக்கிய கல்லைத் திருப்பி ஏற்றச் சொல்லுங்கள்.