நீல ஜெர்சியின் நெஞ்சில் யார் பெயர்?

2025 செப்டம்பரில் ஐக்கிய அரபு அமீரகத்தில் நடந்த ஆசியக் கோப்பையில் இந்திய வீரர்களின் நெஞ்சில் எந்த நிறுவனத்தின் பெயரும் இல்லை. நாட்டின் பெயர் மட்டும் இருந்தது. தொடர் முழுக்க அப்படியே ஆடி, இறுதிப் போட்டியில் பாகிஸ்தானை வீழ்த்திச் சாம்பியன் ஆனார்கள்.

அதற்கு முந்தைய மாதம்வரை அந்த இடத்தில் ட்ரீம்11 என்ற ஃபேன்டஸி ஆட்ட நிறுவனத்தின் பெயர் இருந்தது. 2023-ல் மூன்று ஆண்டுகளுக்கு 358 கோடி ரூபாய்க்குப் போட்ட ஒப்பந்தம். பணம் கட்டி ஆடும் ஆன்லைன் ஆட்டங்களைத் தடைசெய்யும் சட்டத்தை 2025 ஆகஸ்ட்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றியது. ஜெர்சியிலிருந்து அந்தப் பெயர் இறங்கியது.

சேப்பாக்கம் மைதானத்துக்கு வெளியே மேட்ச் நாளில் விற்கும் ஜெர்சிகளைப் பாருங்கள். முதுகில் 7 அல்லது 18. பத்து வயதுப் பையன் அப்பாவிடம் அடம்பிடித்து வாங்கி, அங்கேயே சட்டைக்கு மேல் மாட்டிக்கொள்கிறான். முதுகில் இருக்கும் எண் அவன் தேர்ந்தெடுத்தது. நெஞ்சில் இருக்கும் பெயரை அவனுக்காக யாரோ தேர்ந்தெடுத்திருக்கிறார்கள். டி.வி. விளம்பரத்தை ஒரு பிள்ளை சந்தேகிக்கலாம். தன் நாயகன் நெஞ்சில் சுமப்பதை எப்படிச் சந்தேகிக்கும்?

தொண்ணூறுகளில் அந்த இடம் சிகரெட்டினுடையது. கேபிள் டி.வி. வீடு வீடாக வந்துகொண்டிருந்த காலம். ஒளியலைகள் பொதுச்சொத்து, அவற்றில் அரசுக்கு ஏகபோக உரிமை இல்லை என்று 1995-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. கிரிக்கெட் வாரியத்துக்குப் பெரும் சந்தை திறந்தது. 1996-ல் இந்தியா, பாகிஸ்தான், இலங்கை சேர்ந்து நடத்திய உலகக் கோப்பைக்கே சிகரெட்டின் பெயரால் வில்ஸ் கோப்பை என்றுதான் பெயர். இந்திய வீரர்கள் சட்டையிலும் அதே பெயர்.

கோவாவைச் சேர்ந்த மருத்துவர்கள் பள்ளி மாணவர்களிடம் ஓர் ஆய்வு செய்தார்கள். பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலில் 1996-ல் அது வெளியானது. சிகரெட் நிறுவனம் நடத்திய தொடரை டி.வி.யில் பார்த்த பிள்ளைகளிடம், புகைத்துப் பார்க்கும் போக்கு கூடியிருந்தது. நம் வீரர்களும் புகைப்பவர்கள் என்ற எண்ணம் அவர்களிடையே இருந்தது. புகையிலை கெடுதல் என்று தெரியாத பிள்ளைகள் அல்லர் அவர்கள், நன்றாகவே தெரிந்திருந்தது. தெரிந்ததை ஒரு சட்டை தோற்கடித்துவிட்டது. ஆய்வு வந்தும் அந்தப் பெயர் அங்கேயே இருந்தது. தடைச் சட்டம் வரப்போகிறது என்றான பிறகு, 2001-ல்தான் நிறுவனம் விலகியது. புகையிலை விளம்பரத்தைத் தடுக்கும் சட்டம் 2003-ல் வந்தது.

பிறகு சஹாரா வந்தது, பத்தாண்டுக்கு மேல் இருந்தது. சிறு முதலீட்டாளர்களிடம் வாங்கிய பணத்தைத் திருப்பிக் கொடுக்கும்படி 2012-ல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்ட நிறுவனம் அது. அப்புறம் ஸ்டார், ஓப்போ. 2019-ல் பைஜூஸ். மாணவர்களுக்குப் பாடம் விற்ற அந்த நிறுவனத்தின்மீது, பாக்கியைத் தரவில்லை என்று கிரிக்கெட் வாரியமே திவால் வழக்குத் தொடுத்தது.

இவற்றில் இளைஞர்களின் அன்றாடத்துக்குள் ஆழமாகப் புகுந்தது ஃபேன்டஸி ஆட்டம்தான். ‘டீம் போட்டியா?’ என்று கேட்டால் கல்லூரி மாணவனுக்கும் புரியும், ஆட்டோ ஓட்டுபவருக்கும் புரியும். இரண்டு அணிகளிலிருந்தும் பதினோரு பேரைத் தேர்ந்தெடுத்து, 49 ரூபாய் கட்டினால் கோடி ரூபாய்ப் பரிசுக்கு வாய்ப்பு இருந்தது. 2020-ல் ஐபிஎல் தொடரின் பெயரோடே ட்ரீம்11 ஒட்டிக்கொண்டது. இது திறமைக்கான ஆட்டம், சூதாட்டம் அல்ல என்று 2017-ல் பஞ்சாப்–ஹரியானா உயர் நீதிமன்றம் சொன்னதே இந்தத் தொழிலுக்குக் குடையானது. ஆனால் லட்சக்கணக்கானோர் பணம் கட்டிய ஒரு போட்டியில் கோடி கிடைத்தது ஒருவருக்குத்தான். கட்டியவர்களில் மிகப் பெரும்பாலோர் இழந்தே ஆகவேண்டும் என்பது அதன் அமைப்பு.

பணத்தைவிட எனக்கு வலிப்பது வேறு. மேட்ச் பார்க்கும் மனசே மாறிவிட்டது. நம் அணி ஜெயிக்க வேண்டும் என்று ஒரு கண், எதிரணிப் பந்துவீச்சாளர் இன்னொரு விக்கெட் எடுக்க வேண்டும் என்று ஒரு கண். டி.வி.யில் நல்ல கவர் டிரைவ் போய்க்கொண்டிருக்கும். பையன் போனில் பாயின்ட் பார்த்துக்கொண்டிருப்பான்.

தமிழ்நாடு இந்த வகை ஆட்டங்களின் விளைவை உயிர்களால் அறிந்தது. ஆன்லைன் ரம்மியில் கடன்பட்டுத் தற்கொலை செய்துகொண்டவர்களின் செய்திகள் தொடர்ந்து வந்தன. 2022-ல் நீதியரசர் கே. சந்துரு தலைமையில் குழு அமைக்கப்பட்டது. ஆளுநர் திருப்பியனுப்பிய ஆன்லைன் சூதாட்டத் தடை மசோதாவை 2023 மார்ச்சில் சட்டமன்றம் மீண்டும் நிறைவேற்றியது. வழக்குகள் வந்தன. நள்ளிரவு 12 முதல் காலை 5 வரை ஆடக்கூடாது, ஆதார் வேண்டும் என்ற விதிகளை 2025 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம் ஏற்றது. ரம்மி வேறு, ஃபேன்டஸி வேறு என்று வாதிடலாம். இரண்டும் வாழ்ந்தது சம்பளம் இல்லாத இளைஞனின் ‘ஒரு தடவை அடிச்சா போதும்’ என்ற ஏக்கத்தில்தான். இங்கே அரசு நீதிமன்றத்தில் போராடிக்கொண்டிருந்த அதே காலத்தில், தேசிய அணியின் நெஞ்சில் அந்தத் தொழில் மின்னியது.

மறுத்தவர்களும் உண்டு. அப்பாவுக்குக் கொடுத்த வாக்குக்காகப் புகையிலை, மது விளம்பரங்களில் தோன்றுவதில்லை என்று சச்சின் இருந்தார். 2001-ல் ஆல் இங்கிலாந்து பட்டம் வென்ற புல்லேலா கோபிசந்த் குளிர்பான விளம்பரத்தை வேண்டாம் என்றார். 2017-ல் விராட் கோலியும், தான் குடிக்காத பானத்தைப் பிறரைக் குடிக்கச் சொல்ல மாட்டேன் என்ற நிலைக்கு வந்தார். நான் இவர்களைக் கொண்டாடுகிறேன். ஆனால் நாட்டின் பிள்ளைகளைக் காப்பது நாலைந்து வீரர்களின் மனசாட்சியை நம்பி இருக்கக்கூடாது.

வாரியத்தால் முடியும். 2025 செப்டம்பரில் புதிய ஜெர்சி விளம்பரதாரரைத் தேடியபோது மது, புகையிலை, பந்தயம், பண ஆட்டம், கிரிப்டோ நிறுவனங்கள் வரவேண்டாம் என்று வாரியமே எழுதியது. அதனால் வருமானம் குறையவில்லை. அப்போலோ டயர்ஸ் 2028 மார்ச்வரை 579 கோடி ரூபாய்க்கு அந்த இடத்தை எடுத்தது, முந்தையதைவிடக் கூடுதல்.

ஆனால் அந்தப் பட்டியல் ஜெர்சியோடு நின்றுவிடுகிறது. பான் மசாலா கம்பெனிகள் அதே பெயரில் ஏலக்காய் விற்பதாகச் சொல்லிச் சினிமா நட்சத்திரங்களை வைத்து மேட்ச் இடைவேளைகளை நிரப்பி வந்திருக்கின்றன. ஐபிஎல்லில் மது, புகையிலை விளம்பரங்களோ அவற்றின் மறைமுக விளம்பரங்களோ கூடாது என்று 2025 மார்ச்சில் மத்திய சுகாதாரத் துறையே கடிதம் எழுத வேண்டியிருந்தது.

48,390 கோடி ரூபாய்க்கு விற்ற ஐபிஎல் ஒளிபரப்பு உரிமை 2027-ல் முடிகிறது. ஜெர்சிக்கு எழுதிய அதே பட்டியலை, மறைமுக விளம்பரங்களையும் சேர்த்து, அடுத்த ஒளிபரப்பு ஒப்பந்தத்திலும் வாரியம் எழுத வேண்டும். இன்னொரு சட்டம் வரும்வரை காத்திருக்கக் கூடாது.