பண்ணையாள் போன மண் ரோட்டில் வெள்ளைக்காரர்களின் சைக்கிள் சவாரி! வழியெல்லாம் ஒயின், மதியம் ரொட்டிக் கஞ்சி

காலையில் சைக்கிளை எடுக்க வேண்டியது. மேடும் பள்ளமுமாகக் கிடக்கும் கிராமத்து ரோட்டில் மூச்சு வாங்க மிதிக்க வேண்டியது. திராட்சைத் தோட்டம் வந்தால் இறங்கி, ஆளுக்கு இரண்டு மடக்கு ஒயின். மதியம் பண்ணை வீட்டில் சாப்பாடு. சாயங்காலம் அடுத்த ஊர். இப்படி ஒரு வாரம் சுற்றி வர, நம்ம கணக்கில் லட்சக்கணக்கான ரூபாயைக் கொட்டிக் கொடுத்து அமெரிக்காவில் இருந்தும் ஜெர்மனியில் இருந்தும் ஆட்கள் இத்தாலிக்குப் பறந்து வருகிறார்கள்.

"சைக்கிள் மிதிக்கவா இவ்வளவு காசு?" என்று கேட்கத் தோன்றும். இதில் இன்னொரு வேடிக்கை... அவர்கள் தேடி வந்து மிதிக்கும் ரோட்டில் பல இடங்களில் தார் கூட கிடையாது. வெறும் சரளை மண். ஒரு காலத்தில் வாரத்துக்கு உழுத ஏழைக் குடும்பங்கள் மாட்டு வண்டி ஓட்டிய பாதை அது. ருசித்துச் சாப்பிடுவதும் அந்த ஏழைகள் வேறு வழியில்லாமல் குடித்த கஞ்சியைத்தான்!

இடம், இத்தாலியின் நடுப்பகுதியில் உள்ள டஸ்கனி மாநிலம். அங்கே புளோரன்ஸ், சியனா என்ற இரண்டு பழைய நகரங்களுக்கு நடுவில் இருக்கும் மலைப்பகுதிதான் கியாந்தி. சிவப்பு ஒயினுக்குப் பேர் போன இடம்.

முன்னால் வழிகாட்டி, பின்னால் வேன்

ஒரு குழுவில் பத்துப் பன்னிரண்டு பேர் இருப்பார்கள். முன்னால் உள்ளூர் வழிகாட்டி சைக்கிளில் போவார். பின்னால் ஒரு வேன் வரும். பெட்டி படுக்கை, தண்ணீர், மாற்று டியூப், பஞ்சர் சாமான் எல்லாம் அதில். காலில் தெம்பு இல்லாதவர்கள் சைக்கிளைத் தூக்கிப் போட்டுவிட்டு வேனில் ஏறிக்கொள்ளலாம். யாரும் கேலி பண்ண மாட்டார்கள். இப்போது பேட்டரி சைக்கிள் வந்துவிட்டதால் அறுபது, எழுபது வயதுக்காரர்களும் துணிந்து கிளம்புகிறார்கள்.

ஒரு நாளைக்கு 30 முதல் 50 கிலோ மீட்டர். கேட்க சுலபமாகத் தெரியும். ஆனால் கியாந்தியில் சமதளம் என்பதே அபூர்வம். ஒரு மேடு ஏறி முடிந்தால் இறக்கம், இறங்கி முடிந்தால் அடுத்த மேடு. கோட்டையும் ஒயின் பண்ணையும் குன்றின் உச்சியில்தான் உட்கார்ந்திருக்கும். குடிக்கணும்னா ஏறித்தான் ஆகணும்.

ஏப்ரல் முதல் ஜூன் வரையும், செப்டம்பர், அக்டோபரிலும் கூட்டம் அதிகம். ஜூலை, ஆகஸ்ட் வெயிலில் மிதித்தால் நாக்கு தள்ளிவிடும்.

பட்டினி போட்ட சேவல்

கியாந்தி கிளாசிக்கோ என்ற ஒயின் பாட்டிலின் கழுத்தில் ஒரு கருப்புச் சேவல் படம் இருக்கும். அது என்ன கதை என்று கேட்காத சுற்றுலாப் பயணி கிடையாது. வழிகாட்டிகளும் மூச்சு வாங்கி நிற்கும் இடத்தில் சரியாக இந்தக் கதையை எடுத்து விடுவார்கள்.

புளோரன்சுக்கும் சியனாவுக்கும் ஓயாத எல்லைச் சண்டை. கடைசியில் ஒரு பஞ்சாயத்து. இரண்டு ஊரிலும் சேவல் கூவியதும் ஆளுக்கு ஒரு குதிரை வீரன் கிளம்ப வேண்டும், இருவரும் எங்கே சந்திக்கிறார்களோ அதுதான் எல்லை. சியனாக்காரர்கள் ஒரு வெள்ளைச் சேவலுக்கு வயிறு முட்டத் தீனி போட்டார்கள். அது சுகமாகத் தூங்கியது. புளோரன்ஸ்காரர்கள் ஒரு கருப்புச் சேவலைப் பெட்டியில் அடைத்துப் பட்டினி போட்டார்கள். பசி தாங்காத அந்தச் சேவல் விடிவதற்கு ரொம்ப நேரம் முன்பே கூவிவிட்டது! புளோரன்ஸ் வீரன் குதிரையை விரட்டிக்கொண்டு சியனாவுக்கு 12 கிலோ மீட்டர் வரைக்கும் வந்துவிட்டான். கியாந்தி முழுக்க புளோரன்ஸ் வசமானது.

கதைதான், சரித்திரம் அல்ல. ஆனாலும் 1924-ல் ஒயின் உற்பத்தியாளர்கள் சங்கம் தொடங்கியபோது அந்தக் கருப்புச் சேவலையே முத்திரையாக எடுத்துக்கொண்டனர். இந்த ஒயினில் குறைந்தது 80 சதவீதம் சான்ஜோவேசே என்ற கருந்திராட்சை இருக்க வேண்டும் என்பது விதி.

விழுங்காமல் துப்பலாம்

ருசி பார்ப்பது என்றால் கிளாஸ் கிளாஸாக ஊற்றிக் குடிப்பது அல்ல. பெரிய கிளாஸில் அடியில் கொஞ்சம்தான் ஊற்றுவார்கள். வெளிச்சத்தில் பிடித்து நிறம் பார்க்க வேண்டும். சுழற்றி மோந்து பார்க்க வேண்டும். பிறகு ஒரு வாய். அதையும் விழுங்காமல் பக்கத்தில் வைத்திருக்கும் தொட்டியில் துப்பிவிடலாம். "காசு கொடுத்து வாங்கியதைத் துப்புவதா?" என்று முதல் நாள் முறைப்பவர்கள், அடுத்த மேட்டில் தலை சுற்றியதும் இரண்டாம் நாள் தானாகத் துப்புவார்கள்.

போலீஸ் பயமும் உண்டு. இத்தாலியில் சைக்கிளும் வண்டிதான். ஒரு லிட்டர் ரத்தத்தில் 0.5 கிராமுக்கு மேல் ஆல்கஹால் இருந்தால், காராக இருந்தாலும் சைக்கிளாக இருந்தாலும் குற்றம். 0.8 கிராமைத் தாண்டினால் கிரிமினல் வழக்கே பாயும். அதனால் விவரமான வழிகாட்டிகள் பெரிய ருசி பார்ப்பை மாலையில், சைக்கிளை ஓரம் கட்டிய பிறகு வைத்துக்கொள்வார்கள். மதுவில் 'இவ்வளவு குடித்தால் ஒன்றும் ஆகாது' என்று ஓர் அளவே கிடையாது என 2023-ல் உலக சுகாதார நிறுவனம் சொல்லிவிட்டது, அது வேறு.

பாதி அறுவடை பண்ணையாருக்கு

இனிதான் விஷயமே. இன்றைக்குப் பயணிகள் தங்கும் அழகான கல் வீடுகளில் அன்றைக்கு இருந்தவர்கள் யார்?

டஸ்கனியில் பல நூறு ஆண்டுகளாக இருந்தது மெட்சாத்ரியா என்ற வார முறை. நிலமும் வீடும் பண்ணையாருக்குச் சொந்தம். உழைப்பு மொத்தமும் குடியானவன் குடும்பத்துக்கு. விளைந்ததில் கோதுமை, ஆலிவ் எண்ணெய், ஒயின் எல்லாவற்றிலும் பாதியைப் பண்ணையாருக்கு அளந்துவிட வேண்டும். அது போக பண்டிகைக்குக் கோழி, முட்டை என்று தனியாக வேறு கொண்டு போய்க் கொடுக்க வேண்டும். கணக்கு நோட்டு காரியஸ்தர் கையில். வீட்டில் கல்யாணம் என்றால் கூட பண்ணையாரின் சம்மதம் கேட்க வேண்டிய காலம் இருந்தது. கீழ்த்தளத்தில் மாடு, மாடியில் மனுஷர்கள். குளிருக்கு மாட்டின் சூடுதான் கணப்பு.

இரண்டாம் உலகப் போர் முடிந்ததும் குடியானவர்கள் கொடி பிடித்தார்கள். 1947-ல் அவர்கள் பங்கு 53 சதவீதம் ஆனது. 1964-ல் வந்த சட்டம் அதை 58 சதவீதமாக உயர்த்தி, புதிதாக வார ஒப்பந்தம் போடுவதையே தடை செய்தது. 1982-ல் இன்னொரு சட்டம் வந்து, மிச்சம் மீதி இருந்ததையும் குத்தகையாக மாற்ற வழி செய்தது.

ஆனால் சட்டம் வருவதற்குள் ஜனங்கள் கிளம்பிவிட்டார்கள். 1956 பிப்ரவரியில் அடித்த கடும் பனியில் ஆலிவ் மரங்கள் கருகின. பிள்ளைகள் மாதச் சம்பளம் தேடி ஃபேக்டரிக்குப் போனார்கள். வீடுகள் பூட்டிக் கிடந்தன. அந்த வீடுகளை இங்கிலாந்துக்காரர்களும் ஜெர்மன்காரர்களும் வாங்கிப் போட்டார்கள். 1985-ல், விவசாயிகள் தங்கள் பண்ணையிலேயே விருந்தாளிகளைக் காசுக்குத் தங்க வைக்கலாம் என்று சட்டம் வந்தது. சுற்றுலா சூடு பிடித்தது.

மறுபடி கொதிக்க வைத்த கஞ்சி

மதியச் சாப்பாட்டில் முதலில் வருவது ரிபொல்லிதா. 'மறுபடி கொதிக்க வைத்தது' என்று அர்த்தம். காய்ந்து போன ரொட்டி, வெள்ளை பீன்ஸ், கருங்கீரை போல இருக்கும் ஒரு வகை முட்டைக்கோஸ் இலை... எல்லாம் போட்டுக் கொதிக்க வைத்து, மறுநாள் அதையே திரும்ப சூடு பண்ணிச் சாப்பிடுவது. பழையது வீணாகக் கூடாது என்று வீட்டுப் பெண்கள் கண்டுபிடித்த சாப்பாடு. இன்றைக்கு நல்ல ஓட்டல்களில் இதுதான் ஸ்பெஷல்.

அந்த ஊர் ரொட்டியில் உப்பே கிடையாது. ஏன் என்றால் ஆளுக்கு ஒரு கதை சொல்வார்கள். கூட வைக்கும் இறைச்சியும் செம்மறியாட்டுப் பால் சீஸும் உப்புக் கரிப்பதால் கணக்கு சரியாகிவிடும். ரொட்டியைச் சுட்டு, பூண்டைத் தேய்த்து, புது ஆலிவ் எண்ணெயை ஊற்றிக் கொடுப்பார்கள். பசியோடு சைக்கிளில் வந்தவனுக்கு இதற்கு மேல் ஒன்றும் வேண்டாம்.

பன்றி இறைச்சியில் சோம்பு போட்டுச் செய்யும் ஒரு சாசேஜும் உண்டு. சோம்பைத் தின்ற வாய்க்கு மட்ட ஒயினின் குறை தெரியாது. பழைய காலத்து வியாபாரிகள் முதலில் இதைக் கொடுத்துவிட்டுத்தான் ஒயினை ஊற்றுவார்கள் என்று ஒரு பேச்சு இருக்கிறது. கடைசியாக, காய வைத்த திராட்சையில் செய்து வருஷக்கணக்கில் ஊற வைத்த இனிப்பு ஒயின். அதில் கடினமான பாதாம் பிஸ்கட்டை முக்கி முக்கித் தின்பார்கள், நாம் டீயில் பொறையை முக்குகிற மாதிரி.

"தார் போடாதே!"

1990-களில் இந்த மண் ரோடுகளுக்கு ஆபத்து வந்தது. ஒவ்வொன்றாகத் தார் போட்டு மூடிக்கொண்டே வந்தார்கள். ரோடு போட்டால் சந்தோஷப்படுவதுதானே உலக வழக்கம்? கயோலே என்ற சிற்றூரைச் சேர்ந்த ஜான்கார்லோ புரோச்சி எதிர்த்தார். சுண்ணாம்புச் சரளை பரப்பிய இந்த 'வெள்ளை ரோடுகள்' போனால் ஊரின் முகமே போய்விடும் என்றார். மேடை போட்டுப் பேசுவதற்குப் பதில், 1997-ல் பழைய சைக்கிள்களை வைத்து ஒரு ஊர்வலப் பயணம் நடத்தினார். பெயர் 'எரோயிகா'. முதல் வருஷம் வந்தது 92 பேர்.

இப்போது ஆயிரக்கணக்கில் வருகிறார்கள். 1987-க்கு முந்தைய இரும்பு சைக்கிள்தான் ஓட்ட வேண்டும். கியர் குச்சி ஹேண்டில் பாரில் இருக்கக்கூடாது, கீழே பிரேம் கம்பியில்தான் இருக்க வேண்டும். தூரம் 200 கிலோ மீட்டருக்கு மேல் போகும் பாதையும் உண்டு. இருட்டோடு கிளம்புகிறவர்களுக்காக பிரோலியோ கோட்டைக்கு ஏறும் சைப்ரஸ் மரச் சாலையில் விளக்குகள் ஏற்றி வைப்பார்கள். அந்தக் கோட்டைக்குச் சொந்தக்காரராக இருந்த பெட்டினோ ரிகசோலி, இத்தாலியின் பிரதமராக இரண்டு முறை இருந்தவர். 1872-ல் கியாந்தி ஒயினுக்கு எந்தத் திராட்சையை எப்படிக் கலப்பது என்று எழுதி வைத்ததும் அவரே.

எரோயிகாவின் தொடர்ச்சியாக 2007-ல் தொழில்முறை வீரர்களுக்கும் ஒரு பந்தயம் பிறந்தது. 'ஸ்த்ராதே பியாங்கே', அதாவது வெள்ளை ரோடுகள் என்று இன்று உலகமே அதைச் சொல்கிறது. டி.வி.யில் புழுதி பறக்க வீரர்கள் வருவதைப் பார்த்தவர்கள், அதே ரோட்டில் தாங்களும் ஓட்ட வேண்டும் என்று கிளம்பினார்கள். தார் போடாமல் விட்ட ரோடுதான் ஊருக்குச் சோறு போடுகிறது.

பறிப்பது யார்?

செப்டம்பரில் போகிறவர்கள் அறுவடையைக் கண்ணால் பார்க்கலாம். கத்தரியோடு வரிசையில் குனிந்து நிற்பவர்களில் பலர் உள்ளூர்க்காரர்கள் இல்லை. வெளிநாடுகளில் இருந்து பிழைக்க வந்த கூலித் தொழிலாளர்கள். இத்தாலி விவசாயத்தில் நம்ம ஊர் கங்காணி மாதிரி ஆள் பிடித்து விட்டு, கூலியில் கை வைக்கும் தரகர்கள் உண்டு. இவர்களை ஒடுக்க 2016-ல் கடுமையான சட்டம் போட்டார்கள். தரகரோடு சேர்த்து, ஆளை வைத்துச் சுரண்டும் முதலாளிக்கும் அதில் சிறைத் தண்டனை உண்டு. சைக்கிள் குழு நின்று போட்டோ எடுத்துக்கொள்ளும் தோட்டத்தில் இந்தக் கதையைச் சொல்லும் வழிகாட்டிகள் குறைவு.

ராத்திரி பண்ணை வீட்டுக்குத் திரும்பியதும் பயணிகளுக்கு அறை காட்டுவார்கள். தடித்த சுவர், வளைந்த கூரை, செங்கல் தரை. 'என்ன குளுமை!' என்று அமெரிக்கக்காரர் வியப்பார். சில வீடுகளில் சுவர் ஓரமாக நீளமான ஒரு கல் தொட்டி இருக்கும். அதில் பூச்செடி வைத்திருப்பார்கள். மாட்டுக்குத் தீனி போட்ட தொட்டி அது.