அரைநாள் வேலையாளுக்கும் ஈ.பி.எப். உண்டா?

ஹட்டன், நுவரெலியா கடைவீதிகளில் பின்னேரத்தில் மட்டும் வேலைக்கு நிற்கும் தோட்டத்துப் பிள்ளைகள் பலர். "முழுநேர வேலையில்லையே, ஈ.பி.எப். எதற்கு?" என்பது முதலாளிமார் சிலரின் எண்ணம். இது தவறான எண்ணம் மட்டுமல்ல, பின்னர் கையைக் கடிக்கக்கூடியதும் ஆகும்.

ஜெர்மனி போன்ற நாடுகளில் வேலையிழந்தவருக்கு அரசாங்கக் காப்புறுதிப் பணம் கிடைக்கிறது. வாரத்துக்கு 15 மணித்தியாலத்துக்குக் குறைவாக வேலை செய்தால் அங்கு அக்கொடுப்பனவு நின்றுவிடுவதில்லை. வருமானத்தைப் பொறுத்துக் குறையலாம். இலங்கையில் அத்தகைய கொடுப்பனவு இல்லை. தோட்டத்தில் பேர் இல்லாமற் போனவருக்குக் கைகொடுப்பது அவர் பெயரில் சேர்ந்துள்ள பணமே.

அதில் இரண்டு வகை உண்டு. 1958ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கச் சட்டப்படியான ஊழியர் சேமலாப நிதியை (ஈ.பி.எப்.) பொதுவாக ஆண்கள் 55 வயதிலும் பெண்கள் 50 வயதிலுமே பெறலாம். 1980ஆம் ஆண்டின் 46ஆம் இலக்கச் சட்டப்படியான ஊழியர் நம்பிக்கை நிதியத்தை (ஈ.டி.எப்.) வேலையை விட்டு விலகியதும் கோரலாம். மீண்டும் கோர ஐந்து வருடங்கள் செல்ல வேண்டும். வேறிடத்தில் பகுதிநேர வேலை கிடைத்துவிட்டது என்பதால் இந்தப் பணம் இல்லாமற் போவதில்லை.

இனி முதலாளியின் கடமை. தற்காலிகம், நாட்கூலி, பகுதிநேரம் எதுவாயினும் வேலைக்குச் சேர்ந்த முதல் நாளிலிருந்தே பங்களிப்புச் செலுத்த வேண்டும். தோட்டத்திலும் அவருக்கு ஈ.பி.எப். இருப்பது உங்களுக்கு விலக்களிக்காது.

மாதம் 15,000 ரூபா சம்பளம் என வைத்துக்கொள்வோம். ஊழியரின் 8 சதவீதமான 1,200 ரூபாவைச் சம்பளத்தில் கழிக்கலாம். உங்கள் பங்கு 12 சதவீதம், அதாவது 1,800 ரூபா. ஈ.டி.எப். 3 சதவீதமான 450 ரூபாவும் உங்களுடையதே. அதைச் சம்பளத்தில் கழிக்கக்கூடாது. ஆக, சம்பளத்துக்கு மேலாக உங்கள் செலவு 2,250 ரூபா.

இப்பணத்தை அடுத்த மாத முடிவுக்குள் செலுத்த வேண்டும். தாமதித்தால் ஈ.பி.எப். தொகைக்கு 5 முதல் 50 சதவீதம் வரை மேலதிக அறவீடு சேரும். வருடக்கணக்கில் விட்டுவிட்டால், கழிக்காமல் விட்ட ஊழியரின் பங்குக்கும் பொறுப்பு முதலாளியே.

எனவே நியமனக் கடிதம் கொடுங்கள், சம்பளப் பதிவேடு வையுங்கள், தொழில் திணைக்களத்தில் பதிவு செய்யுங்கள். நாளை உங்கள் கடையும் அவரை நிறுத்த நேரிட்டால், அவர் வெறுங்கையுடன் போகாமலிருக்க இதுவே வழி.