புகை எழுந்த பூமி

புது இடத்தில் குடித்தனம் வைக்கப் போகும் பெண் முதலில் எதைக் கவனிப்பாள்? வீடு எப்படி, பக்கத்தில் தண்ணீர் உண்டா, அடுப்பு மூட்ட விறகு கிடைக்குமா என்றுதானே பார்ப்பாள்?

1878-ஆம் ஆண்டு வசந்த காலத்தில் அமெரிக்காவின் கான்ஸாஸ் மாநிலத்துப் புல்வெளிக்கு வந்து சேர்ந்த விலியானா ஹிக்மன் என்ற அம்மையாரும் அப்படித்தான் பார்த்தார். நெடும் பிரயாணம், உடம்போ சரியில்லை. "அதோ நம் ஊர்!" என்று ஆண்கள் ஆரவாரம் செய்ததும் அவருக்கு உயிர் வந்தது. ஆனால் எவ்வளவு உற்றுப் பார்த்தும் ஊர் கண்ணில் படவில்லை. கணவரைக் கேட்டார். தரையிலிருந்து அங்கங்கே எழும்பிக் கொண்டிருந்த புகையைச் சுட்டிக் காட்டினார் அவர். அதுதான் ஊர்! ஜனங்கள் மண்ணைக் குடைந்து அதற்குள் குடியிருந்தார்கள். அம்மையார் அழ ஆரம்பித்துவிட்டார்.

அந்த ஊரின் பெயர் நிக்கோடிமஸ். கான்ஸாஸின் வடமேற்கே, கிரஹாம் ஜில்லாவில், சாலமன் ஆற்றங்கரைக்கு அருகே இருக்கிறது. அதைச் சுற்றியுள்ள சிறு வட்டாரத்துக்கும் அதே பெயர்தான். அமெரிக்காவின் பெரிய நகரங்களைப் பற்றி எவ்வளவோ படித்திருப்பீர்கள். இந்தச் சின்னஞ்சிறு ஊரின் கதையையும் கொஞ்சம் கேளுங்கள்.

ஐந்து டாலர் கனவு

அங்கே வந்தவர்கள் யார் தெரியுமா? கென்டக்கி மாநிலத்தைச் சேர்ந்த கறுப்பு இன மக்கள். அடிமைகளாகப் பிறந்து பிறர் நிலத்தில் பாடுபட்டவர்கள் அவர்களில் பலர். 1865-ல் அடிமை முறை ஒழிந்தது. ஆனால் காலில் பூட்டிய விலங்கு கழன்றதே தவிர, கையில் ஒரு பிடி மண் கூட இல்லை. நிலமில்லாதவனுக்கு விடுதலை வந்தும் பழைய எஜமானின் வயலில்தானே வேலை?

அப்போது கான்ஸாஸைப் பற்றிச் செய்தி வந்தது. 1862-ஆம் ஆண்டுச் சட்டப்படி, சர்க்கார் நிலத்தில் 160 ஏக்கரை ஒருவர் கேட்டு வாங்கலாம். ஐந்து வருஷம் குடியிருந்து பயிர் செய்தால் அது அவருக்கே சொந்தம். 1877-ல் டபிள்யூ. எச். ஸ்மித் என்ற கறுப்பு இனப் பாதிரியாரும், டபிள்யூ. ஆர். ஹில் என்ற வெள்ளைக்கார நில வியாபாரியும் இன்னும் சிலரும் கூடி நிக்கோடிமஸ் ஊருக்கென்று ஒரு கம்பெனி ஆரம்பித்தார்கள். ஐந்து டாலர் கொடுத்தால் கான்ஸாஸுக்குப் போய்க் குடியேறலாம் என்று கென்டக்கியில் துண்டுப் பிரசுரங்கள் பறந்தன. அந்த வருஷம் செப்டம்பரில் சுமார் 300 பேர் புறப்பட்டு வந்தார்கள். எல்லிஸ் என்ற ஊர் வரையில் ரயில். அதற்கப்பால் ஏறக்குறைய 55 கிலோ மீட்டர், பெரும்பாலோருக்குக் கால்நடைதான்.

வந்து பார்த்தால் வீடில்லை, கடையில்லை, மரங்கூட அபூர்வம். ஆத்திரமும் ஏமாற்றமும் தாங்காமல் சில குடும்பங்கள் உடனே திரும்பிவிட்டன. மற்றவர்கள் மேட்டுச் சரிவைக் குடைந்து, மேலே கழிகளைப் பரப்பி, புல் மண்ணைப் போட்டு மூடிக் கொண்டார்கள். அதுதான் வீடு.

குளிர்காலம் வந்தது. விதைக்கப் பருவமில்லை, கையிருப்போ கரைந்து கொண்டிருந்தது. விறகுக்குப் பதில் சூரியகாந்தித் தண்டையும் உலர்ந்த எருமைச் சாணத்தையும் எரித்தார்கள். அந்தச் சமயத்தில், வேட்டையாடித் திரும்பிய ஓசேஜ் என்ற செவ்விந்திய மக்கள் தங்கள் உணவில் பங்கு கொடுத்தார்களாம். வழிவழியாக அந்த ஊர்ப் பெரியவர்கள் நன்றியோடு சொல்லி வரும் விஷயம் இது.

மண்ணுக்குள் ஒரு பள்ளிக்கூடம்

நிக்கோடிமஸின் முதல் ஆசிரியை ஜென்னி ஃபிளெட்சர். ஸ்மித் பாதிரியாரின் மகள் இவர். கரும்பலகை வரட்டும், கட்டடம் எழும்பட்டும் என்று அவர் காத்திருக்கவில்லை. தாம் குடியிருந்த மண் வீட்டிலேயே குழந்தைகளை உட்கார வைத்துப் பாடம் சொல்லிக் கொடுத்தார். அடிமைகளுக்கு எழுத்துச் சொல்லிக் கொடுப்பதே குற்றம் என்று தென் மாநிலங்கள் பலவற்றில் சட்டம் இருந்தது. அது நீங்கிச் சில வருஷங்கள்தான் ஆகியிருந்தன. அந்த மண் வீட்டில் ஒரு குழந்தை முதல் எழுத்தை எழுதியபோது அதன் தாயாரின் மனம் எப்படிக் குளிர்ந்திருக்கும்!

அழுத ஹிக்மன் அம்மையார் என்ன ஆனார் என்று கேட்பீர்கள். அவர் திரும்பிப் போகவில்லை. பாதிரியாரான கணவருடன் நிலத்தைப் பண்படுத்திப் பல வருஷங்கள் அங்கே வாழ்ந்தார்.

பத்தே வருஷங்களில் ஊர் தலை நிமிர்ந்தது. கல் கட்டடங்கள், கடைகள், ஹோட்டல், மாதா கோவில்கள், பள்ளிக்கூடம் எல்லாம் வந்தன. 1886-ல் ஒன்றும் 1887-ல் இன்னொன்றுமாக இரண்டு பத்திரிகைகள் கூட வெளிவந்தன! அங்கே வந்து குடியேறிய எட்வின் மெக்கேப் என்பவர் 1882-ல் கான்ஸாஸ் மாநிலத் தணிக்கை அதிகாரியாகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அந்த மாநிலம் முழுவதற்குமான பதவி ஒன்றுக்குத் தேர்தலில் வென்ற முதல் கறுப்பு இனத்தவர் அவரே.

வராத ரயில்

இனி ஒரு குறைதான் பாக்கி, ரயில் வரவேண்டும். ரயில் வந்தால் கோதுமை சந்தைக்குப் போகும், வியாபாரம் பெருகும். ஊரார் கடன் பத்திரம் மூலம் பணம் திரட்டிக் கொடுக்கக் கூடச் சம்மதித்தார்கள். ஆனால் 1888-ல் ரயில் பாதை ஆற்றுக்குத் தெற்கே சில மைல் தள்ளிப் போய்விட்டது. அங்கே போக் என்ற புது ஊர் முளைத்தது. வியாபாரிகள் ஒவ்வொருவராக அங்கே போனார்கள். சிலர் கடைக் கட்டடத்தையே பெயர்த்துக் கொண்டு போனார்கள்!

அதோடு ஊரின் ஆயுள் முடிந்தது என்றுதான் எவரும் நினைத்திருப்பார்கள். ஆனால் கடைதான் போயிற்று, நிலம் போகவில்லை. நிலத்தை வைத்திருந்தவர்கள் உழுது கொண்டே இருந்தார்கள். 1930-களில் மழை பொய்த்து, மண் புயலாகப் பறந்து, தேசமே வேலையில்லாமல் தவித்தபோது பலர் நகரங்களுக்குப் போனார்கள். அந்தக் கஷ்ட காலத்திலும் 1939-ல் சர்க்கார் வேலைத் திட்டத்தின் கீழ் சுண்ணாம்புக் கல்லில் ஒரு பொது மண்டபம் எழுப்பினார்கள். வட்டாரத்துக் கூட்டமும் கொண்டாட்டமும் அங்கேதான் நடந்தன. 1953-ல் தபாலாபீசும் மூடப்பட்டது.

14 பேர் ஊர்

2020-ஆம் ஆண்டு ஜனத்தொகைக் கணக்கில் நிக்கோடிமஸில் இருந்தவர்கள் 14 பேர். ஒரு பெரிய குடும்பத்துக் கல்யாணப் பந்தியில் ஒரு வரிசைக்குக் கூடக் காணாது! ஆனாலும் மிஸிஸிப்பி ஆற்றுக்கு மேற்கே, விடுதலை பெற்றவர்கள் அந்தக் காலத்தில் நிறுவி இன்று வரை நிலைத்திருக்கும் ஊர்களில் இதுவும் ஒன்று.

எப்படி நிலைத்தது? ஜூலை மாதக் கடைசியில் போய்ப் பார்த்தால் தெரியும். விடுதலைத் திருநாளாக 1878-லேயே தொடங்கிய கொண்டாட்டம் அது. இன்று ஊர் திரும்பும் விழா. அமெரிக்காவின் மூலை முடுக்குகளில் இருந்தெல்லாம் பேரன் பேத்திகளும் கொள்ளுப் பேரர்களும் வந்து கூடுகிறார்கள். ஊர்வலம், விருந்து, பாட்டு, ஞாயிற்றுக்கிழமை வழிபாடு! நகரத்தில் பிறந்து வளர்ந்த குழந்தைகளும் "எங்கள் ஊர்" என்றே சொல்கிறார்கள்.

அந்த வம்சத்தில் வந்த ஏஞ்சலா பேட்ஸ் என்ற அம்மையார் ஊருக்கென்று ஒரு சரித்திரச் சங்கத்தை ஏற்படுத்தினார். பழைய கட்டடங்களையும் பெரியவர்களின் நினைவுகளையும் காப்பாற்ற வேண்டும் என்று அவரும் ஊராரும் விடாமல் முயன்றார்கள். 1996-ல் அமெரிக்க சர்க்கார் நிக்கோடிமஸைத் தேசியச் சரித்திரத் தலமாக்கியது. மண்டபம், இரண்டு மாதா கோவில்கள், பள்ளிக்கூடம், பழைய ஹோட்டல் ஆகிய ஐந்தும் இன்று அந்தத் தலத்துக்குரிய கட்டடங்கள்.

ஆனால் சகோதரிகளே, சர்க்கார் காப்பாற்றக் கூடியது சுவரைத்தான். வருஷத்தில் சில நாட்கள் நிறையும் ஊர், மற்ற நாட்களில் ஒரு சிலரை நம்பி நிற்கிறது. அவர்களுக்குப் பின் அங்கே அடுப்பு மூட்டுவது யார்? கொள்ளுப் பேத்திகளில் யாராவது ஒருத்தி, விழா முடிந்தும் மூட்டையைக் கட்டாமல் தங்கினால்தான் அதற்குப் பதில் கிடைக்கும்.